பார்க்கிங் லொற்றில் நடந்த லண்டன் கொலை

இங்கிலாந்தின் திகில் கதை எழுத்தாளர்கள் எல்லாரும் வரிசையாக வந்து இராஜரட்ணம் அங்கிளின் காலில் விழுந்திருக்க வேண்டும். லண்டன் பொலிஸ் மொத்தமும் பிளேன் ஏறி ரொறன்ரோ வந்து, லிஃப்ற் பழுதான சென் ஜேம்ஸ் ரவுண் கட்டடத்தில் பதினேழு மாடியும் மூச்சிரைக்க ஏறி, அவரிடம் துப்புக் கேட்டிருக்க வேண்டும். அவ்வளவு பெரிய ஆங்கில நாவலாசிரியர் அவர். எழுதியது ஒரே ஒரு நாவல். அதுவும் முடிந்தபாடில்லை.

யாழ்ப்பாணத்தில் தபாற்கந்தோர் வேலை. எண்பத்தொன்பதில் மனைவி மக்டலீனோடு இங்கே வந்தபின் டவுன்டவுனில் பார்க்கிங் லொற் வேலை. கண்ணாடிக் கூட்டுக்குள் இருந்து, கார் வராத நேரமெல்லாம் எழுதுவார். லண்டன் மாளிகை ஒன்றில் ஒரு பணக்காரக் கிழவி கொலையாகிறாள். வீட்டில் இருந்தவர்கள், வந்துபோனவர்களில் யார் செய்தது என்பதுதான் கதை. இன்ஸ்பெக்டர் கதவில் கைவைப்பார். வெளியே கார் ஹோர்ன் அடிக்கும். அங்கிள் பேனையை மூடிவிட்டு எழும்புவார். அத்தியாயம் அந்த இடத்திலேயே முடிந்துவிடும். அவருடைய சஸ்பென்ஸ் முழுக்கக் கார்க்காரர் போட்ட பிச்சை.

லண்டனை அவர் கண்டதேயில்லை. தமிழில் எழுதினால் என்ன என்று கேட்டால், "தமிழிலை எழுதினால், கொலைகாரன் நாங்களோ எண்டு சொந்தக்காரர் சண்டைக்கு வந்திடுவினம்" என்பார்.

வாசகர் ஒரே ஒருவர், மக்டலீன் அன்ரி. பின்னேரம் வேலையால் வந்து, எழுதினதைத் தமிழில் அவருக்குச் சொல்லுவார். அன்ரி வெங்காயம் உரித்தபடி, தலையும் நிமிர்த்தாமல் கேட்பார்:

"சமையல்காரன்தானே?"

"சீ, அவனில்லை."

அவனேதான். அடுத்த நாள் கண்ணாடிக் கூட்டுக்குள் சமையல்காரன் நிரபராதி ஆகிவிடுவான். பிறகு டொக்டர், வழக்குப் பேசுகிற அப்புக்காத்து என்று ஒவ்வொருவராக அன்ரி பிடிக்கப் பிடிக்க, அங்கிள் விடுதலை செய்துகொண்டே போனார். மனைவியிடம் தோற்க மனமில்லாத மனுசன்.

தொண்ணூற்றைந்தில் அன்ரிக்கு ஈரலில் புற்றுநோய் என்றார்கள். பனி கரையும்வரை தாங்குவது கஷ்டம் என்றார்கள். அதற்குப் பிறகு அங்கிள் கொலைகாரனை மாற்றியது வேறு காரணத்துக்காக. அவன் பிடிபட்டால் கதை முடிந்துவிடும். கதை முடிந்தால் மக்டலீன் நாளைக்கு எதைக் கேட்கக் காத்திருப்பாள்? மாளிகைக்குப் புதுப்புது ஆட்கள் வந்திறங்கினார்கள். பாவம், இன்ஸ்பெக்டர் தேநீர் குடிக்கவும் நேரமில்லாமல் அலைந்தார்.

"இஞ்சாருங்கோ," ஆஸ்பத்திரிக் கட்டிலில் அன்ரி கேட்டார், "நான் போறதுக்கிடையிலை ஆரெண்டு சொல்லிப்போடுங்கோ."

"எங்கை போறீர்? இன்னும் எவ்வளவோ கதை கிடக்கு."

"பொய். உங்களுக்கே தெரியாது."

உண்மைதான், அவருக்கே தெரியாது. அன்று வீட்டுக்குப் போகும் ஸ்ரீற்கார் ட்ராமில் யோசித்துப் பார்த்தார். மண்டைக்குள் ஒருவனும் அகப்படவில்லை.

நாவலைக் கொம்பியூற்றரில் அடித்துக் கொடுத்தவன் பக்கத்து வீட்டு வினோதன். பாதி நாள் பள்ளிக்கூடத்தால் துரத்தப்பட்டு வீட்டில் நிற்பவன்; லிஃப்ற்றின் எல்லாப் பட்டனையும் அமத்திவிட்டு இறங்கி ஓடுபவன். அவனை நல்ல பெடியன் என்று அவனைத் தவிர யாரும் சொன்னதில்லை. அங்கிள் வேலைக்குப் போகிற நாட்களில் ஆஸ்பத்திரியில் அன்ரிக்குச் சூப் கொண்டுபோய்க் கொடுத்ததும் அவன்தான்.

மாசிமாதம் ஒருநாள் அங்கிள் ஆஸ்பத்திரிக்குப் போனபோது அன்ரி சிரித்தபடி கிடந்தார். கன நாளைக்குப் பிறகு அந்தச் சிரிப்பு.

"ஒளிச்சு வைச்சிருந்தியள் என்ன? எனக்குத் தெரிஞ்சுபோச்சு. அந்தப் பாதர்தான்."

அங்கிள் திகைத்துப்போனார். பாதர் கதையில் தேநீர் குடிக்க மட்டும் வருகிறவர். ஞாயிறு தவறாமல் மாதா கோயிலுக்குப் போகும் இராஜரட்ணம், ஒரு பாதிரியாரைக் கொலைகாரன் ஆக்குவாரா?

"பின்கதவாலை வந்து, ஹொக்கி மட்டையாலை ஒரே அடி. நல்ல முடிவப்பா. உங்களுக்கு உவ்வளவு மூளை இருக்கெண்டு நான் நினைக்கேல்லை."

மருந்து மயக்கம் என்று அங்கிள் நினைத்தார். இல்லையென்று சொல்ல வாயெடுத்தவர், அந்த முகத்தைப் பார்த்தார்.

"ஓம். நீர் சொன்னது சரி," என்றார். "பிடிச்சிட்டீர்."

அன்ரி அவருடைய கையைப் பிடித்தபடியே நித்திரையானார். அந்தக் கிழமைக்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

செத்தவீட்டுச் சனமெல்லாம் போனபின் அங்கிள் கண்ணாடிக் கூட்டுக்குள் பல நாள் சும்மா இருந்தார். கார்கள் வந்தன, போயின. ஒரு சனிக்கிழமை வினோதனின் கதவைத் தட்டினார்.

"கதையை முடிப்பம். அவ சொன்னபடியே முடிப்பம். பாதர்தான் கொலைகாரன்."

"பாதரோ!" வினோதன் நெஞ்சில் கைவைத்தான். "ஐயோ அங்கிள், நான் கனவிலையும் நினைக்கேல்லை!"

அங்கிள் சொல்லச் சொல்ல அவன் அடித்தான். பாதர் இருட்டில் பின்கதவைத் திறந்தார். அங்கிள் யன்னல் பக்கம் திரும்பி, சேர்ட் கையால் மூக்கைத் துடைத்தார். அவர் அழுதுவிடுவாரோ என்ற பயத்தில் வினோதன் அவசரமாக வாயைத் திறந்தான்.

"அங்கிள், அடிச்சு முடிய ஹொக்கி மட்டையை எங்கை ஒளிக்கிறார்?"

அங்கிள் மெதுவாகத் திரும்பினார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"மட்டையைப் பற்றி," என்றார், "நான் இன்னும் வாயே திறக்கேல்லையே, தம்பி."