எட்டுத் தலைகளும் திரும்பின

"தும்மாதீங்க. தும்மினீங்கன்னா இங்கேயே விவாகரத்து."

"அதை மூக்குகிட்ட சொல்லு," என்றார் கணவர், மைக்கை மார்போடு அணைத்துக்கொண்டு.

இருவரும் கரைச் சேற்றில் குப்புறப் படுத்திருந்தார்கள். சற்றுத் தள்ளி மீன்பண்ணைக்காரர் கூடையோடு குந்தியிருந்தார். அவருக்கு எதிரே தண்ணீரிலிருந்து ஒரு தட்டைத் தலை எழுந்தது. இன்னொன்று. மொத்தம் ஏழு.

"வந்துட்டீங்களா மாப்பிள்ளைங்களா," என்று அவர் நீர்நாய்களைக் கேட்டார். "கெண்டை தீர்ந்துச்சு, இப்ப விராலா? உங்க அப்பன் வீட்டுக் குளமா இது?"

ஒன்று கரையேறி, அவர் கையிலிருந்த மீனைப் பிடுங்கிக்கொண்டு போயிற்று.

மூன்று வருடமாக இந்தக் காட்சிக்குத்தான் அவள் அலைந்தாள். அதற்கு முன் ஒன்பது வருடம் கல்யாண வீடியோ எடுத்தவள். பண்ணைக்காரர் தன் நான்கு குளங்களில் ஒன்றை நீர்நாய்களுக்கு விட்டிருந்தார். மற்றவற்றை அவை தொடுவதில்லை. மீன்வளர்ப்போர் சங்கத்தில் ஒருவரும் இதை நம்பவில்லை. எல்லாக் குளங்களையும் சுற்றி மின்கம்பி போடுவதா என்று மறுநாள் காலை சங்கம் முடிவெடுக்கப்போகிறது. நீர்நாய் கம்பியைத் தொட்டால் அதோடு சரி. முடிவுக்கு முன் படம் காட்ட அவளுக்குப் பதினைந்து நிமிடம் கொடுத்திருந்தார்கள்.

அவள் கேமராவை நிறுத்தப் பொத்தானை அழுத்தி எழுந்தாள். "கிடைச்சிடுச்சு! அண்ணே, கிடைச்சிடுச்சு!" கேமராவின் பட்டை மணிக்கட்டில் சுற்றியிருக்க, சேறு தெறிக்கக் குதித்தாள்.

"வழுக்கும்டி," என்ற கணவர் தொப்பென்று விழுந்தார்.

மோட்டார் அறையில் மூவரும் சின்னத் திரையைச் சுற்றி நின்றார்கள். முதல் பதிவில் வெறும் தண்ணீர். இருபது நிமிடம். முதல் தலை எழுந்ததும் படம் நின்றுவிட்டது.

அவள் கேமராவைத் திருப்பிப் பார்த்தாள். மிருகங்கள் மிரளக்கூடாதென்று பதிவாகும்போது எரியும் சிவப்பு விளக்கின்மேல் கறுப்பு டேப் ஒட்டியிருந்தாள். திரையிலுள்ள குறிகளையும் அணைத்திருந்தாள். பையிலிருந்து எடுக்கும்போதே கட்டைவிரல் ஒருமுறை அழுத்தியிருக்கிறது. அதன்பின் எல்லாம் நேர்மாறு: தொடங்க அழுத்தியபோது நின்றது, நிறுத்த அழுத்தியபோது ஓடியது.

"நல்ல தண்ணி," என்றார் கணவர். "தெளிவா இருக்கு."

"பேசாதீங்க."

இரண்டாவது பதிவு தலைகீழாக ஓடியது. மேலே சேறு, அதில் அவள் கால்கள். ஆட்டம் ஓய்ந்த இடத்தில், தூரத்தில், ஏழு நீர்நாய்கள் பின்னங்கால்களில் வரிசையாக நின்று அவளை வெறித்தன. வரிசையின் கடைசியில் பண்ணைக்காரர், அதேபோல இரு கைகளும் நெஞ்சருகே தொங்க, வாய் பிளந்து. தொப்பென்ற சத்தம் கேட்டது. எட்டுத் தலைகளும் ஒரே நேரத்தில் அந்தப் பக்கம் திரும்பின.

"நான் இப்படியா நிக்கிறேன்?" என்றார் பண்ணைக்காரர்.

"உங்க மாப்பிள்ளைங்களை மாதிரியே, அண்ணே."

சிரித்துச் சிரித்து அவளுக்கு விக்கல் வந்துவிட்டது. கணவர் சுவரைப் பிடித்துக்கொண்டார்.

"இதையா போடப் போறே? என் மானம் போகும்."

"போகட்டும். இதைத்தான் போடப் போறேன்."

மறுநாள் பத்து மணிக் கூட்டம் பத்தே முக்காலுக்குத் தொடங்கியது. அவள் படத்தை நேராக்கித் திரையிட்டாள். எட்டுத் தலைகளும் திரும்பும் அந்தப் பன்னிரண்டு நொடியைச் சிரித்துச் சிரித்து மூன்று தடவை போடச் சொன்னார்கள். அவை அவர் பக்கத்தில் அப்படி நிற்பதைப் பார்த்தபின் கம்பியை ஓராண்டுக்குத் தள்ளிவைத்தார்கள். ஐந்து பேர் ஆளுக்கொரு குளம் விட்டுப் பார்ப்பதாகக் கையெழுத்திட்டார்கள். பண்ணைக்காரர் புதுச் சட்டை போட்டு வந்திருந்தார். மதியம் கணவர் இடுப்பில் தைலம் தேய்த்துக்கொண்டார். அவள் கறுப்பு டேப்பை உரித்தாள், பாதிதான் வந்தது.