உயிரோடு இருந்தவருக்குப் போட்ட மாலை

ரஷ்யாவில் தேர்தல் நடந்தால் ஷார்ஜா முவைலாவில் மூன்றாவது மாடியில் இருக்கிற எனக்கு என்ன வந்தது என்று என் மகன் கேட்கிறான். நியாயமான கேள்விதான். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். நாலு பேர் கூடியிருக்கிற இடத்தில் பேசவே கூச்சப்படுகிறவள். ஆனாலும் அந்தத் தேசத்துச் செய்தி டிவியில் வந்தால் அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்துவிடுவேன்.

போன தடவை அங்கே தேர்தல் நடந்தபோது, எதிர் வீட்டு ரஷ்யாக்காரப் பெண் நல்ல கவுனாகப் போட்டுக்கொண்டு துபாய்க்கு ஓட்டுப் போடப் போய் வந்தாள். லிப்டில் என்னைப் பார்த்துச் சிரித்தாள். நானும் சிரித்தேன். எங்கள் இருவருக்கும் பொதுவான பாஷை அது ஒன்றுதான். ஜெயித்தது யார் என்று பேத்தியிடம் கேட்டேன்.

"சேம் பெர்சன்தான் பாட்டி."

"அப்போ பழையவர்?"

"அவர்தான் பழையவர். அவர்தான் புதுசும்."

எனக்குப் புரியவில்லை. பேத்தி போனைப் பார்த்து முன்கதை பின்கதையெல்லாம் படித்துச் சொன்னாள். அங்கே ஒரு காலத்தில் நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் உட்கார்ந்தபடியே ஒருவர் பின் ஒருவராகச் செத்துப்போனார்களாம். அப்புறம் நெற்றியில் மச்சம் உள்ள ஒருவர் வந்தாராம். அவர் நாற்காலியை விட்டு எழுந்த சமயத்தில் அவர் ஆண்ட தேசமே இல்லாமல் போய்விட்டதாம். பிறகு ஜனங்கள் ஓட்டுப் போட்டு ஒரு வெள்ளை முடிக்காரரை உட்கார வைத்தார்கள். அவர் இரண்டு தடவை ஜெயித்துவிட்டு, புது வருஷத்துக்கு முந்தின நாள் டிவியில் வந்து, என்னை மன்னியுங்கள் என்று சொல்லி இறங்கிக்கொண்டாராம். அவர் கைகாட்டிய ஆள்தான் இப்போது இருப்பவர். நடுவில் ஒரு தவணை பக்கத்து நாற்காலிக்கு மாறி உட்கார்ந்து, திரும்பவும் பழைய நாற்காலிக்கே வந்துவிட்டாராம். எங்கள் வீட்டில் சாப்பாட்டு மேஜையில் யாராவது இடம் மாறி உட்கார்ந்தாலே சண்டை வருகிறது.

எல்லாம் கேட்டுவிட்டு நான் பேத்தியிடம் கேட்க நினைத்தது ஒன்றே ஒன்று. இறங்கினவர்கள் எங்கே போகிறார்கள்? ஆனால் கேட்கவில்லை. இதே கேள்வியை எனக்கு எட்டு வயதாக இருக்கும்போது என் அப்பா கேட்டுவிட்டார். கேட்கக் கூடாத இடத்தில் கேட்டார்.

அப்போது நாங்கள் குவைத்தில் இருந்தோம். அப்பா ராமநாதபுரம் பக்கத்துக் கிராமத்திலிருந்து பம்பாய் போய், அங்கே சமையல் வேலை பழகி, கப்பலேறி வந்தவர். கடைசியில் ஒரு ரஷ்யாக்கார துரை வீட்டில் சமையற்காரராகச் சேர்ந்தார். துரைக்கு ஏதோ ஆபீஸ் வேலை. என்ன ஆபீஸ் என்று அப்பாவுக்கே தெரியாது. துரையம்மாவுக்குக் குழந்தை பிறந்ததும், பார்த்துக்கொள்ள ஆள் வேண்டுமென்று அம்மாவையும் என்னையும் வரவழைக்கச் சொன்னார்கள். அதுவரை அப்பா என்றால் எனக்கு இரண்டு வருஷத்துக்கு ஒருதரம் பெட்டியோடு வருகிற ஆள். குவைத்துக்கு வந்துதான் அவர் தினமும் சவரம் செய்வார் என்பதும், தூக்கத்தில் குறட்டை விடுவார் என்பதும் எனக்குத் தெரிந்தது. துரை வீட்டு வளவுக்குள்ளேயே எங்களுக்கு ஒரு ரூம். அந்த வேலை இருக்கிறவரைதான் அந்த ரூம். வேலை போனால் நானும் அம்மாவும் ஊருக்குக் கப்பலேற வேண்டியதுதான் என்று அம்மா அடிக்கடி சொல்லி என்னை அடக்கி வைத்திருப்பாள்.

துரை வீட்டு ஹாலில் ஒரு பெரிய படம் மாட்டியிருந்தது. வழுக்கைத் தலை, உருண்டை முகம், பல்லில் சின்ன இடைவெளியோடு சிரிப்பு. எங்கள் ஊரில் வெல்லம் எடை போடுகிற கடைக்காரரைப் போலவே இருப்பார். அவர்தான் ரஷ்யாவுக்கே பெரியவர் என்று அப்பா சொன்னார். துரைக் குழந்தை அழுதால் அம்மா அதை இடுப்பில் வைத்துக்கொண்டு படத்தின் கீழே போய் நிற்பாள். "அந்தா பாரு தாத்தா, சிரிக்காரு பாரு" என்பாள். தமிழ் தெரியாத அந்தப் பிள்ளையும் அழுகையை நிறுத்திவிடும். அவரை நாங்கள் மூன்று பேரும் தாத்தா என்றே சொல்லி வந்தோம்.

ஒருநாள் ஹால் சுவரில் தாத்தா இல்லை. படம் இருந்த இடம் மட்டும் வெளுப்பாக, நீள்சதுரமாகத் தெரிந்தது. துரையும் துரையம்மாவும் ரேடியோவுக்குப் பக்கத்தில் தலையைக் குனிந்து உட்கார்ந்து, மெல்லிய குரலில் பேசிக்கொண்டார்கள். அப்பா வைத்த பீட்ரூட் சூப்பைத் தொடவே இல்லை. அந்தச் சூப்பை அப்பா எங்களிடம் பீட்ரூட் ரசம் என்றுதான் சொல்வார்.

மத்தியானம் டிரைவர் காக்கா வந்தார். மலபார்க்காரர், காக்கா என்றால் அவர்கள் பக்கத்தில் அண்ணன். நன்றாகத் தமிழ் பேசுவார். ஆபீஸில் கேள்விப்பட்டதை அடுப்படி வாசலில் நின்று சொன்னார்.

"ரஷ்யாவுல பெரிய ஆளு மாறியாச்சு. புதுசா ரெண்டு பேரு வந்திருக்காங்க. ஒருத்தருக்குப் புருவம் இத்தாம் பெருசு."

"அப்ப நம்ம வழுக்கைத் தலைப் பெரியவரு?" என்று அப்பா கேட்டார்.

"அதெல்லாம் எனக்குத் தெரியாதுப்பா. பேரைச் சொல்லவே ஆளு இல்ல."

அப்பா கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். அவருக்கு எல்லாம் புரிந்துவிட்டது. ஆண்டுகொண்டிருப்பவர் உயிரோடு இருக்கும்போது இன்னொருவர் எப்படி வருவார்? அதற்குச் சில மாதம் முன்புதான் நம் நாட்டுப் பிரதமர் காலமாகி, புதுப் பிரதமர் வந்திருந்தார். அன்றைக்குத் துரை எங்கள் ரூமுக்கே நடந்து வந்து, அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றார். துரையம்மா அம்மாவின் தோளைத் தொட்டாள். ஒரு துரை சமையற்காரன் ரூமுக்குத் துக்கம் கேட்க வந்ததை அப்பா ஊருக்குக் கடிதமாகவே எழுதிப் போட்டிருந்தார்.

"நம்ம துக்கத்துக்கு வந்த மனுசன். அவரு வீட்டுத் துக்கத்துக்கு நாம சும்மா இருந்தா முறையா?" என்றார் அம்மாவிடம்.

"படத்தை ஏன் கழட்டிட்டாக?"

"அவுக வழக்கமா இருக்கும்."

அந்தப் படத்தை அம்மாதான் கண்டுபிடித்தாள். சாமான் அறையில், வெங்காய மூட்டைக்குப் பின்னால், முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பி, தரையில் வைத்திருந்தது. அம்மா வாயில் கையை வைத்துக்கொண்டாள். செத்தவர் படத்தைத் தரையில் வைப்பார்களா? அதுவும் இத்தனை நாள் பிள்ளைக்கு வேடிக்கை காட்டின தாத்தாவை? துக்கத்தில் அவர்களுக்குக் கை ஓடவில்லை, நாமாவது செய்வோம் என்று இருவரும் முடிவு செய்தார்கள்.

துரையின் ஆபீஸ் பெரியவர் வெளிநாட்டிலிருந்து வந்திருந்தார். அன்று சாயங்காலம் அவரையும் இன்னும் சிலரையும் துரை சாப்பிட அழைத்திருந்தார். அவர்களை அழைத்துவரத் துரை காரில் போனபோது துரையம்மாவும் குழந்தையோடு கூடவே போயிருந்தாள். பெரிய விருந்தாகச் செய் என்று துரை அப்பாவிடம் காலையிலேயே சொல்லியிருந்தார். பெரியவர் வருவது துக்கம் விசாரிக்கத்தான் என்று அப்பா இப்போது புரிந்துகொண்டார். இறைச்சியை எடுத்து ஐஸ்பெட்டிக்குள் வைத்தார். துக்க வீட்டில் கடுகு வெடிக்கக் கூடாது. தாளிக்காத பருப்பும், வெள்ளைச் சோறும், அவித்த உருளைக்கிழங்கும் செய்து மூடி வைத்தார்.

அம்மா படத்தைத் துடைத்து, தன் பெட்டியிலிருந்த சந்தனக் கட்டையை உரசி, தாத்தாவின் அகன்ற நெற்றியில் பொட்டு வைத்தாள். இடம் நிறைய இருந்ததால் பொட்டு எடுப்பாகவே இருந்தது. மல்லிகைக்கும் சாமந்திக்கும் குவைத்தில் எங்கே போவது? வேலியோரம் பூத்திருந்த அரளியை நான் பறித்துக் கொடுக்கக் கொடுக்க அம்மா மாலையாகக் கட்டினாள். அப்பா படத்தை அதே வெளுத்த இடத்தில் மாட்டினார். கீழே ஒரு முக்காலி, அதன் மேல் விளக்கு, ஊதுபத்தி. மூன்று பேரும் குளித்தோம். அம்மா பழைய நூல்சேலை கட்டிக்கொண்டாள். அப்பா துண்டை இடுப்பில் கட்டி, கையைக் கட்டிக்கொண்டு ஹால் ஓரமாக நின்றார்.

கார் வந்தது. முதலில் ஆபீஸ் பெரியவர் உள்ளே வந்தார். உயரமான ஆள், மூக்குக் கண்ணாடி, கையில் தொப்பி. படத்தைப் பார்த்ததும் அங்கேயே நின்றுவிட்டார். பின்னால் வந்தவர்கள் அவர் முதுகில் இடிக்கப் பார்த்தார்கள். துரையம்மா குழந்தையை இறுக்கிக்கொண்டாள். குழந்தை மட்டும் தாத்தாவைப் பார்த்த சந்தோஷத்தில் இரண்டு கையையும் நீட்டியது.

அப்பா முன்னால் போய்த் தலையைக் குனிந்து, தனக்குத் தெரிந்த இங்கிலீஷில் சொன்னார். "வெரி சாரி சார். வெரி குட் மேன்."

பெரியவர் அப்பாவை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு நிதானமான இங்கிலீஷில், இதைச் செய்யச் சொன்னது யார் என்று கேட்டார்.

நம் ஊர் வேலைக்காரன் இப்படிப்பட்ட கேள்விக்கு என்ன சொல்வான்? நான்தான் செய்தேன் என்று பெருமையைத் தானே எடுத்துக்கொண்டால் அவன் மனுஷனா? பந்தியில் சமையல் நன்றாயிருக்கிறது என்றால் எல்லாம் முதலாளி மனசு என்கிற வழக்கம் எங்களுடையது. அப்பா துரையை இரண்டு கையாலும் காட்டினார்.

"மை சாகிப், சார். ஆல் சாகிப் ஆர்டர். சாகிப் வெரி லவ் ஹிம்."

துரை கண்ணை மூடிக்கொண்டார். பக்தியில்தான் மூடுகிறார் என்று நான் நினைத்தேன்.

பெரியவர் மிகவும் மெதுவாக, அவர் சாகவில்லை, நன்றாக இருக்கிறார் என்றார்.

அப்பாவுக்கு ஒரே சந்தோஷம். "அடடா! இருக்காரா!" என்று தமிழிலேயே சொல்லி, அம்மா பக்கம் திரும்பி, "செத்ததாச் சேதி வந்தவருக்கு ஆயுசு கெட்டி, தெரியும்ல!" என்றார். பிறகு பெரியவரிடம் ஆசையோடு, அப்படியானால் இப்போது எங்கே இருக்கிறார் என்று கேட்டார். "வேர் சார்? நௌ வேர்?"

அத்தனை படித்தவர்கள், கோட்டுப் போட்டவர்கள், ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். துரை என்னவோ ரஷ்ய பாஷையில் வேகமாகச் சொல்லிச் சிரித்துப் பார்த்தார். கூடச் சிரிக்க ஆளில்லை. பெரியவர் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு திரும்பி நடந்தார். மற்றவர்களும் போனார்கள். போய்வருகிறோம் என்று ஒரு வார்த்தை கிடையாது.

"பாத்தியா, அவுகளுக்கும் முறை தெரியுது. துக்க வீட்டுல சொல்லாமத்தான போறாக" என்றாள் அம்மா.

"அவருதான் சாகலையேடி" என்றார் அப்பா. இருவருக்கும் குழப்பமாகிவிட்டது.

துரை அப்பாவைத் திட்டவில்லை. அதுதான் அப்பாவுக்கு இன்னும் பயமாக இருந்தது. துரை சாப்பாட்டு மேஜையில் தனியாக உட்கார்ந்து தாளிக்காத பருப்பையும் சோற்றையும் முழுவதும் சாப்பிட்டார். மறுநாள் படம் திரும்பவும் சாமான் அறைக்குப் போய்விட்டது. கொஞ்ச நாளில் ஹாலில் பெரிய புருவக்காரர் வந்துவிட்டார். அவரைக் காட்டினால் குழந்தை அழுகையை நிறுத்தவில்லை.

மாதம் திரும்புவதற்குள் துரைக்கு ஊரிலிருந்து உத்தரவு வந்தது. குடும்பத்தோடு உடனே திரும்ப வேண்டுமாம். அப்பாவின் மாலையால் வந்ததா, ஆள் மாறினால் கீழே இருக்கிறவர்களையும் மாற்றுவது அங்கே வழக்கமா, டிரைவர் காக்காவுக்கும் தெரியவில்லை. எனக்கு இன்றுவரை தெரியாது. அந்த வழுக்கைத் தலைப் பெரியவர் அதன் பிறகும் பல வருஷம் வீட்டில் இருந்து, தோட்ட வேலை பார்த்து, வயதாகித்தான் போனார் என்று பேத்தி சொன்னாள். அப்பா சொன்ன கெட்டி ஆயுசு பலித்துவிட்டது. எங்கள் ரூம்தான் பலிக்கவில்லை. அப்பா வேறொரு கம்பெனி கேம்பில் சமைக்கப் போனார். கேம்பில் பெண்டு பிள்ளைகளுக்கு இடம் கிடையாது. எனக்கும் அம்மாவுக்கும் கப்பல் டிக்கெட் வந்தது. திரும்பவும் அப்பா பெட்டியோடு வருகிற ஆளாகிவிட்டார்.

துரை குடும்பம் கிளம்பின அன்று காலை, மூட்டை கட்டச் சணல் கயிறு எடுத்துவரச் சொல்லி அம்மா என்னைச் சாமான் அறைக்கு அனுப்பினாள். கதவைத் தள்ளினேன். உள்ளே துரை நின்றுகொண்டிருந்தார். படம் அவர் பக்கம் திரும்பியிருந்தது. மாலையை யாரும் கழற்றியிருக்கவில்லை, பூ கருகிச் சுருண்டிருந்தது. துரை எங்கள் ரூமுக்கு வந்து அப்பாவின் கையைப் பிடித்தபோது நின்றாரே, அதே மாதிரி தலை குனிந்து நின்றார்.

கதவுச் சத்தம் கேட்டதும் தூக்கிவாரிப்போட்டுத் திரும்பினார். சட்டென்று படத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பினார். என்னைப் பார்த்து உதட்டில் விரலை வைத்தார். நெற்றியெல்லாம் வியர்வை.

அவர் விளையாடுகிறார் என்று நினைத்தேன். குழந்தையோடு அவர் அப்படித்தான் ஒளிந்து விளையாடுவார். நானும் சிரிப்பை அடக்கிக்கொண்டு, என் உதட்டில் விரலை வைத்து, கதவுக்குப் பின்னால் போய் ஒளிந்துகொண்டேன். அவர் தேடி வருவார் என்று ரொம்ப நேரம் காத்திருந்தேன். எட்டு வயதுப் பிள்ளையைப் பார்த்துப் பயப்படுகிற துரை இருப்பார் என்று எனக்கு எப்படித் தெரியும்?