மேல்வீட்டுக்காரர் தட்டிய கடைசி சனிக்கிழமை

இதை எழுதும்போதே எனக்கு எரிச்சலாக இருக்கிறது. இருபத்தாறு வருஷம் ஜனங்களைச் சிரிக்க வைத்தவள் பேய்க் கதை சொன்னால் எவன் நம்புவான்? பல் வலிக்கிறது என்றால்கூட என் முகத்தைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். ஆனால் இது நடந்தது. இருட்டு மூலையில் அல்ல, நேரலையில், அத்தனை விளக்கு வெளிச்சத்தில் நடந்தது. நாட்டில் பாதிப் பேர் மடியில் சாப்பாட்டுத் தட்டோடு பார்த்தார்கள். பார்த்தும் ஒருவருக்கும் தெரியவில்லை. எனக்கே மறுநாள்தான் தெரிந்தது.

என் பெயர் ஸ்மராந்தா. புக்கரெஸ்டிலிருந்து சனிக்கிழமைதோறும் எட்டு மணிக்கு வந்த 'சனிக்கிழமைச் சந்தை' நிகழ்ச்சியில் கீழ்வீட்டுக்காரியாக வந்தவள் நான்தான். பாட்டு, ஆட்டம், கோமாளித்தனம் எல்லாம் கலந்த நிகழ்ச்சி அது. ஆனால் ஜனங்கள் காத்திருந்தது எனக்காகவும் பாந்தெலேவுக்காகவும்தான். நான் சமையலறையில் பாத்திரம் கழுவிக்கொண்டே காது கிழியப் பாடுவேன். மேல்வீட்டுக்காரரான பாந்தெலே வெந்நீர்க் குழாயைத் தட்டுவார். டங், டங், டங்.

எங்கள் அடுக்குமாடிகளில் வீட்டைச் சூடாக்கும் குழாய் ஒன்றுதான். கீழ்த்தளத்திலிருந்து உச்சி வரை எல்லாச் சமையலறைகள் வழியாகவும் அது போகும். அக்கம்பக்கத்துச் சண்டை பாதி அதில்தான் நடக்கும். நானும் கரண்டியால் திருப்பித் தட்டி, "இதோ வர்றேன், இரு" என்று கத்துவேன். ஒரு நாளும் மேலே போனதில்லை. பாந்தெலேவும் ஒரு நாளும் முகத்தைக் காட்டியதில்லை. செட்டுக்குப் பின்னால் ஏணியில் உட்கார்ந்து நிஜ இரும்புக் குழாயைத் தட்டிக்கொண்டிருப்பார். இவ்வளவுதான் எங்கள் நகைச்சுவை. ஊரில் எந்தக் கட்டடத்தில் யார் குழாயைத் தட்டினாலும் கீழேயிருந்து எவனாவது என் குரலில் "இதோ வர்றேன், இரு" என்று கத்துவான்.

பிப்ரவரி கடைசியில் பாந்தெலே செத்துப்போனார். தனிக்கட்டை. வீட்டில் விழுந்து கிடந்தவரை மூன்றாம் நாள்தான் அண்ணன் மகள் வந்து பார்த்திருக்கிறாள். சேனலுக்கு அதுவே சாக்காகிவிட்டது. நிகழ்ச்சியை ஊற்றி மூடுவது என்று முடிவு செய்து, ஏப்ரலில் ஒரு சனிக்கிழமையைக் கடைசி நாளாக அறிவித்தார்கள். அதற்கு மறுநாள் அவருடைய நாற்பதாம் நாள்.

கடைசி நிகழ்ச்சியில் எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. மூன்று தட்டு, நான் சொல்லும் அந்த ஒரு வரி, உடனே இருட்டு. ஒப்பாரி கூடாது, படம் கூடாது. பாந்தெலேவை முகம் காட்டாமலேயே வழியனுப்ப வேண்டும். தயாரிப்பாளர் ஒக்தாவியானுக்கு என் மகன் வயது. அவனுக்கு வேண்டியதோ ஆளுயரப் படம், வயலின், பறந்து போகும் வெள்ளைப் புறா. இரண்டு வாரம் அவனோடு மல்லுக்கட்டினேன். கடைசியில் வேண்டாவெறுப்பாகச் சம்மதித்தான். சம்மதித்த கையோடு எங்கள் நேரத்தைப் பாதியாக வெட்டி, எனக்கு முன்னால் சலவைத் தூள் விளம்பரத்தைப் போட்டுவிட்டான்.

சனிக்கிழமை மாலை ஒத்திகை. செட்டைப் பார்த்ததும் வயிறு எரிந்தது. இரும்புக் குழாயும் ஏணியும் கிடங்குக்குப் போயிருந்தன. அந்த இடத்தில் வெண்ணெய் நிறம் பூசிய பிளாஸ்டிக் குழாய் நின்றது. சத்தம் ஒலிப்பதிவிலிருந்து வருமாம். கண்ணாடி அறையில் ஒலிக்காரர் கெராசிம் பொத்தானை அழுத்தினால் பாந்தெலே பழைய நிகழ்ச்சி ஒன்றில் தட்டிய மூன்று தட்டு கேட்கும்.

பாடினேன். டங், டங், டங்.

நான் வாயைத் திறப்பதற்குள் இன்னும் இரண்டு. டங்... டங்.

"கெராசிம் அண்ணே, மூணுதானே?" என்று கத்தினேன். அவர் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து தலையை ஆட்டினார். தான் ஒரு தடவைதான் அழுத்தியதாகச் சொன்னார். மறுபடி எடுத்தோம். மூன்று வந்தது, பிறகு இரண்டு. கொஞ்ச நேரம் கழித்து, யாரோ மறந்துவிட்டு ஞாபகம் வந்தவர் மாதிரி, தனியாக ஒன்று.

எனக்கு ரத்தம் கொதித்தது. நகைச்சுவையில் ஒரு தட்டு கூடினால் எல்லாம் போச்சு. ஒக்தாவியானோ கை தட்டினான். "நல்லா இருக்கே மேடம், அப்படியே வெச்சுக்கலாம்" என்றான். வைத்துக்கொள்ள இது என்ன கல்யாணப் பரிசா என்று அவனிடம் பாய்ந்தேன். கெராசிம் மெஷினைக் கழற்றிப் பார்த்தார். ஒரு குறையும் இல்லையாம்.

கோபத்தில் குழாயைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அது சூடாக இருந்தது. எதிலும் இணைக்காத பிளாஸ்டிக் குழாய், குளிர்கால வெந்நீர்க் குழாய் மாதிரி சுட்டது. செட் தச்சர்களைக் கூப்பிட்டுக் காட்டினேன். விளக்குச் சூடு என்று சொல்லிச் சிரித்துவிட்டுப் போனார்கள். விளக்கு அந்தப் பக்கமே இல்லை. அதை யாரிடம் சொல்வது?

ஒளிபரப்புக்கு முன்னால் கெராசிம் இரண்டு சின்னக் கிளாஸில் பிளம் சாராயம் கொண்டுவந்தார். வழக்கப்படி குடிக்கும் முன் செத்தவருக்காகக் கொஞ்சம் தரையில் ஊற்றினோம். ஆட்டக்காரப் பெண்கள் வழுக்கி விழுவார்கள் என்று அதற்கும் ஒக்தாவியான் வந்து கத்தினான். எங்கள் பாந்தெலேவுக்கு இரண்டு சொட்டுச் சாராயம் தரக்கூட அந்தக் கட்டடத்தில் இடமில்லை.

ஒன்பது மணி முப்பத்தொன்று. விளம்பரம் முடிந்தது. விளக்கு எரிந்தது.

அரங்கில் நானூறு பேர். நான் பாடினேன். கெராசிம் அழுத்தியது எனக்குத் தெரிந்தது. டங், டங், டங். சரியான நேரம், சரியான சத்தம். கரண்டியால் பதில் தட்டினேன். சிரிப்பு வந்தது. அப்பாடா என்று மூச்சு விட்டேன்.

அடுத்த அடி பாடத் தொடங்கினேன். டங், டங், டங்... என் பாட்டின் நடுவில், வரக்கூடாத இடத்தில். பிறகு டங், டங். பிறகு ஒன்று.

அரங்கம் கொல்லென்று சிரித்தது.

சமாளித்தேன். "என்னய்யா, கணக்கு மறந்துபோச்சா?" என்று மேலே பார்த்துக் கேட்டேன். இன்னும் சிரிப்பு. அது அடங்குவதற்குள் மறுபடி மூன்று... இரண்டு... ஒன்று. இந்தத் தடவை மெதுவாக. ஒவ்வொரு தட்டுக்கும் நடுவில் இடைவெளி நீண்டது.

கெராசிமை முறைத்தேன். கண்ணாடிக்குப் பின்னால் அவர் எழுந்து நின்றிருந்தார். இரண்டு கைகளையும் தூக்கி எனக்குக் காட்டினார். விரல்கள் விரிந்திருந்தன. அவர் எதையும் தொடவில்லை.

டங்... டங்... டங்...

அது ஒலிபெருக்கியிலிருந்து வரவில்லை. என் தலைக்கு மேலிருந்து வந்தது. எனக்கு மேலே கூரை இல்லை, மேல்வீடு இல்லை. விளக்குக் கம்பிகள்தான்.

டங்... டங்...

குழாயைப் பிடித்தேன். கைக்குள் அதிர்ந்தது. பிளாஸ்டிக் குழாய் இரும்பு மாதிரி அதிர்ந்தது.

"போதும் பாந்தெலே" என்றேன். மைக்கில் விழுந்துவிட்டது. ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். முன் வரிசையில் ஒரு கிழவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

எனக்குப் பயம் வரவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், கோபம்தான் வந்தது. ஒரே ஒரு முடிவு கேட்டேன். அதையும் கெடுக்கிறாயே...

டங்.

இனி பொறுக்க முடியாது என்று வரியைச் சொல்லிவிட்டேன். "இதோ வர்றேன், இரு."

தட்டு நின்றது.

பட்டென்று நின்றது. அரங்கமும் அடங்கியது. விளக்குக்காரன் இருட்டாக்க வேண்டிய நேரம். அவன் ஆக்கவில்லை.

மேலே... ஏதோ தரையில் இழுபட்டது.

ஒரு கை தூரம் இருக்கும்.

பிறகு பொத்தென்று ஒரு சத்தம்.

இருபத்தாறு வருஷத்தில் அப்படி ஒரு சிரிப்பை நான் வாங்கியதில்லை. அந்தச் சிரிப்பில்தான் விளக்கு அணைந்தது.

வெளியே வந்ததும் ஒக்தாவியான் என்னைக் கட்டிக்கொண்டான். "அந்த விழுற சத்தம் யார் யோசனை மேடம்?" என்று கேட்டான். நான் கெராசிமைப் பிடித்து உலுக்கினேன். பாவம், அவர் முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது. முதல் மூன்று தட்டுதான் தன்னுடையது என்றும், அதற்குப் பிறகு மெஷினையே அணைத்துவிட்டதாகவும் திரும்பத் திரும்பச் சொன்னார். நான் நம்பவில்லை. எல்லாரும் சேர்ந்து என்னை வைத்து விளையாடுகிறார்கள் என்று நினைத்து, யாரிடமும் சொல்லாமல் கிளம்பிவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்தில் நாற்பதாம் நாள் பூசை முடிந்து பாந்தெலேவின் வீட்டில் சாப்பாடு. கோதுமையை வேகவைத்துச் சர்க்கரை போட்ட கோலிவாவை அண்ணன் மகள் ஆளுக்கொரு கிண்ணம் கொடுத்தாள். சமையலறையில் என் பக்கத்தில் வந்து நின்றாள் அவுரிக்கா. பாந்தெலேவுக்கு நேர் கீழே குடியிருப்பவள். முந்தின நாள் நிகழ்ச்சியைப் பேரப்பிள்ளைகளோடு பார்த்ததாகச் சொன்னாள்.

"அன்னைக்கு அவர் தட்டின மாதிரியே அச்சு அசலா வெச்சிருந்தீங்கம்மா" என்றாள்.

என்றைக்கு என்று கேட்டேன்.

"பிப்ரவரியில. அவர் போறதுக்கு முன்னாடி கடைசியாக் கேட்டது அதுதான். மூணு, ரெண்டு, ஒண்ணு. ரொம்ப நேரம் தட்டினாரு. ஷோவுக்கு ஏதோ புதுசாப் பழகுறாருன்னு நெனச்சோம். பிள்ளைங்க கரண்டி எடுத்துத் திருப்பித் தட்டிச்சுங்க. ஒரே சிரிப்பு."

என் கிண்ணத்தைக் கீழே வைத்தேன்.

"அப்புறம் எங்க வீட்டுக்காரர் உங்க குரல்ல கத்தினாரு. இதோ வர்றேன், இருன்னு. உடனே நிறுத்திட்டாரு மனுஷன். எதையோ இழுக்கிற சத்தம் கேட்டுச்சு, பொத்துன்னு ஒண்ணு விழுந்துச்சு. அதுக்கும் சிரிச்சோம்."

யாராவது மேலே போனீர்களா என்று கேட்டேன்.

அவள் என்னையே பார்த்தாள். அப்போதுதான் அவளுக்கும் புரிந்தது என்று நினைக்கிறேன். வாய் திறந்தபடியே இருந்தது. "இதை நான் யார்கிட்டயும் சொன்னதில்லையே. உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றாள். பதிலுக்கு நிற்காமல் படியிறங்கிப் போய்விட்டாள்.

எல்லாரும் போகும் வரை அங்கேயே நின்றேன். பிறகு குழாயைப் பார்த்தேன். மேலே பெயின்ட் நன்றாகத்தான் இருந்தது. குனிந்து பார்த்தேன். தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் பெயின்ட் பெயர்ந்து இரும்பு தெரிந்தது. நிற்கிறவன் யாரும் அங்கே தட்டமாட்டான்.

படுத்திருப்பவன்தான் தட்டுவான்.

தரையில் உட்கார்ந்தேன். "வந்துட்டேன் பாந்தெலே" என்றேன்.

முந்தின நாள் அத்தனை தட்டுத் தட்டியவர் ஒரு தட்டுக்கூடத் தட்டவில்லை. எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன. ஒரு கரண்டியை எடுத்து, அந்தப் பெயர்ந்த இடத்திலேயே மூன்று தடவை தட்டினேன்.

கீழே அவுரிக்கா வீட்டிலிருந்து ஒரு கரண்டி திருப்பித் தட்டியது.

பிறகு அவள் பேரப்பிள்ளைகள் சிரிக்கும் சத்தம் கேட்டது.