மாப்பிள்ளை தள்ளிய வண்டி

எங்கள் தெருவில் மெக்கானிக்கை எல்லோரும் மாப்பிள்ளை என்றுதான் கூப்பிடுவோம். அவர் கட்டிக்கொண்டது தையற்கடைக்காரரின் தங்கையை. முறைப்படி பார்த்தால் அந்த ஒரு வீட்டுக்குத்தான் மாப்பிள்ளை. ஆனால் மருந்துக்கடைக்காரருக்கும் மாப்பிள்ளை, பால் பாக்கெட் போடுகிறவருக்கும் மாப்பிள்ளை. பேச்சு திருந்தாத குழந்தைகூட "மாப்ளே" என்று கை நீட்டும். கல்யாணமான கையோடு மாமனார் வீட்டுக்கு வந்து தங்கியவர். இப்போது அவர் மகளுக்கே வரன் பார்க்கிறார்கள், அவர் மட்டும் இன்னும் புது மாப்பிள்ளை.

மரியாதைக்குக் குறைச்சல் இல்லை. அதுதான் அவருடைய குறை. தெருவில் சாக்கடை அடைத்துக்கொண்டால் ஆளுக்கொரு கம்பியோடு இறங்குவோம். அவரும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடி வருவார். உடனே யாராவது ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து போடுவார்கள்.

"உங்களுக்கு எதுக்கு மாப்ள இந்த வேலையெல்லாம்? உட்காருங்க."

அவர் உட்காருவார். பல் பிடுங்கப் போனவர் முகம் அப்படித்தான் இருக்கும். ஒருநாள் மனைவியிடம் சொன்னாராம்: "இந்தத் தெருவுல ஒருத்தராவது என்னைத் திட்டினா நல்லாயிருக்கும்." அந்தம்மா அதை எங்கள் வீட்டு அடுக்களையில் வந்து சொல்லிவிட்டுச் சிரித்தாள். சிரிப்பு பாதியில் நின்றுபோனது.

தெருவுக்கு ஒரு கதை உண்டு. இது வெறும் பாதையாகக் கிடந்த காலத்தில், தள்ளுவண்டியில் சாமான் ஏற்றிக்கொண்டு எங்கேயோ போன ஒருவருக்குச் சக்கரம் கழன்று வண்டி சாய்ந்ததாம். "இனிமே போக முடியாது" என்று அங்கேயே தங்கிவிட்டாராம். அதிலிருந்து வந்ததுதான் இத்தனை வீடும். அதனால் தெருவில் ஒற்றுமை கெட்டுப்போனால் நாங்கள் 'வண்டி சாய்ப்பு' நடத்துவோம். ஒரு ஓட்டை வண்டி, அதன் சக்கரம் கழலாமல் பிடிக்கத் தேய்ந்துபோன ஒரு கடையாணி. ஒருவர் தெருமுனையிலிருந்து தள்ளி வருவார். சக்கரம் தானாகக் கழன்ற இடத்தில் நின்று, முதல் ஆள் சொன்னதைச் சொல்வார். அதுவரை ஒருத்தரும் வாய் திறக்கக் கூடாது. சொன்னதும் எல்லோரும் ஓடிப்போய் வண்டியைத் தூக்குவோம். தோளோடு தோள் இடித்தால் பாதிச் சண்டை தீர்ந்துவிடும். தள்ளியவர் அன்றிலிருந்து தெருவின் சொந்த மனிதர், யாரும் மறுபேச்சுப் பேச முடியாது.

இன்னொரு விதியும் இருக்கிறது. தள்ளுகிறவர் தானாக வண்டியை நிறுத்தக் கூடாது. கடைசி வீட்டைத் தாண்டிவிட்டால் அவர் வெறும் வழிப்போக்கர், தெருவில் அவருக்கு ஒட்டுமில்லை, உறவுமில்லை. இதைப் பற்றி யாரும் கவலைப்பட்டதில்லை. அந்த வண்டி தெருத் தொடக்கத்தில் இருக்கிற சலூன் வரைக்கும் வந்தாலே அதிசயம்.

இந்த முறை சண்டை கார் நிறுத்துகிற இடத்துக்காக. பழைய குடும்பங்கள் ஒன்றுக்கொன்று முகம் கொடுத்துப் பேசவில்லை. யார் பெயரைச் சொன்னாலும் எதிர்வீடு முறைத்தது. கடைசியில் எந்தப் பக்கமும் சேராதவர் என்று மாப்பிள்ளையைப் பிடித்தார்கள். காரணம் அவருக்கும் தெரியும். இருந்தாலும் அன்றைக்கு அவர் நடையே மாறிவிட்டது. மனைவியிடம் புதுச் சட்டை கேட்டார்.

தள்ளுகிறவர்தான் முந்தின சாயங்காலம் வண்டியைக் கழுவ வேண்டும். அங்கேதான் வினை. மெக்கானிக்கின் கை சும்மா இருக்குமா? பாட்டுக் கேட்டுக்கொண்டே கழுவியவர், ஆடுகிற சக்கரத்தைப் பார்த்திருக்கிறார். கை தன்பாட்டுக்குப் பழைய கடையாணியைத் தட்டி எடுத்துப் புதிதாக ஒன்றை அடித்து இறக்கியது. கிரீஸும் வைத்தது. மனிதருக்கு அது உறைக்கவே இல்லை.

மறுநாள் வண்டி வந்தது. கிறீச் என்ற சத்தம்கூட இல்லை. சலூனைத் தாண்டியது. மருந்துக்கடைக்காரர் நாக்கைக் கடித்துக்கொண்டார். பேசக் கூடாதே! தையற்கடைக்காரர் சக்கரத்தைக் காட்டிக் காட்டிக் கையை ஆட்டினார். மாப்பிள்ளை அதை உற்சாகப்படுத்துவதாக நினைத்து இன்னும் வேகமாகத் தள்ளினார். பாதித் தெரு தாண்டிய பிறகுதான் குனிந்து சக்கரத்தைப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது.

வேறு யாராக இருந்தாலும் ஒரு உதை விட்டுக் கவிழ்த்திருப்பார்கள். நான் நிச்சயம் கவிழ்த்திருப்பேன். இவருக்கு அந்தக் கள்ளத்தனம் வராது. புதுச் சட்டை வியர்வையில் ஒட்டிக்கொள்ள, ஒவ்வொரு வீடாகக் கடந்து போனார். கடைசி வீடும் வந்துவிட்டது.

அவர் மனைவி ஓடிப்போய் வண்டிக்கு முன்னால் நின்றாள்.

"நில்லுங்க."

"வாயை மூடு! எல்லாம் கெட்டுச்சு!" என்று தையற்கடைக்காரர் கத்தினார்.

"கெட்டா கெடட்டும். ஏண்ணே, சக்கரம் கழண்டா மாட்டிக்கிட்டுப் போறதுதானே? அதுக்காக யாராவது ஒரு இடத்துல வீடு கட்டுவாங்களா? பாதைன்னா பின்னாடி நாலு பேர் வந்திருப்பாங்க. அதுல ஒருத்தராவது 'இருங்க, நாங்களும் இருக்கோம்'னு சொல்லியிருக்கணும். இவருகிட்ட இத்தனை வருஷத்துல யாராவது சொல்லியிருக்கீங்களா? நீ சொல்லியிருக்கியாண்ணே?"

இப்போது எங்களைத் தடுக்க விதியும் இல்லை. எனக்குத் தலையைத் தூக்கவே வெட்கமாக இருந்தது.

தையற்கடைக்காரர் மெல்ல நடந்து போய், வண்டியின் கைப்பிடியில் மாப்பிள்ளையின் கைக்குப் பக்கத்தில் தன் கையை வைத்தார்.

"இருங்க" என்றார். "போயிடாதீங்க."

பிறகு நாங்களும் போனோம். கார் சண்டையைத் தொடங்கிய இரண்டு பேரும் ஒரே சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

"அந்த வார்த்தையைச் சொல்லிடுங்க, முடிஞ்சிரும்" என்றார் மருந்துக்கடைக்காரர்.

மாப்பிள்ளை சக்கரத்தைப் பார்த்தார். எங்கள் எல்லோரையும் பார்த்தார்.

"போக முடியாதுன்னு எப்படிங்க சொல்றது? வண்டி நல்லாத்தானே ஓடுது" என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டார். "போக முடியும். நான்தான் போகலை."