ஏழாவது எதிரி

உமைமா ஆம்பூர் ஷூ கம்பெனியில் பதினோரு வருஷம் ஷூவின் மேல்பாகமான அப்பர் தைத்தவள். நாலாம் லைன், ஜன்னலோர மிஷின். ஹைவேயைக் கடக்கும்போது லாரி மோதிச் செத்துப்போன தோழிக்காக, நடைமேம்பாலம் கேட்டு அந்த லைன் பெண்கள் மறியலில் உட்கார்ந்த காலையில் அவள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தாள். சிசேரியன் ஆகி மூன்றாம் நாள். ஆனாலும் குற்றப்பத்திரிகையில், குற்றம் சாட்டப்பட்டவர்கள் வரிசையில், அவள்தான் ஏழாவது எதிரி.

மறியலில் இருந்தது யார் யாரென்று போலீஸ் ஒரு முகத்தையும் பார்த்து எழுதவில்லை. கம்பெனி ஆபீசில் கேட்டார்கள். அவர்கள் நாலாம் லைன் வருகைப் பதிவேட்டை ஜெராக்ஸ் எடுத்து நீட்டினார்கள். மேலிருந்து கீழாக நாற்பத்திரண்டு பேர். ஏழாவது பெயருக்கு நேரே ‘பிரசவ லீவு’ என்று எழுதியிருந்தது. அதையும் தாண்டித்தான் பேனா ஓடியிருக்கிறது.

அங்கன்வாடி வேலைக்குத் தேர்வாகி, போலீஸ் சரிபார்ப்பு நடந்தபோதுதான் இந்த வழக்கு இருப்பதே அவளுக்குத் தெரிந்தது. ஒரு மாதத்துக்குள் வழக்கு இல்லையென்று காட்டாவிட்டால் வேலை அடுத்தவருக்கு.

“கோர்ட்ல ஒத்துக்கினு அபராதம் கட்டிடும்மா. சின்ன கேசு” என்றார் ஸ்டேஷன் ரைட்டர்.

“ஒத்துக்கறதுக்கு நான் இன்னா சார் பண்ணேன்? புள்ள பெத்தேன். அதுக்கு எந்த செக்‌ஷன்?”

வக்கீல் கோதண்டபாணி, வழக்கை ரத்து செய்யச் சொல்லி ஹைகோர்ட்டுக்கே போகலாம் என்றார். மனுவை எழுதி, தமிழில் சொல்லிக்காட்டினார். “அந்தச் சட்டவிரோதக் கும்பலோடு மனுதாரருக்கு எந்தச் சம்பந்தமும் இல்லை...”

“கும்பல்னா யாரு சார்? எங்க லைன் தேவகிருபை அக்காவா? எனக்கு வலி வந்தப்ப ஆட்டோ புடிச்சி ஆஸ்பத்திரில சேத்தது அவங்கதான்.”

“அது கோர்ட்டு பாஷைம்மா. அந்த வரி இருந்தா உனக்கு நல்லது. எடுத்தா, நீயும் அவங்க ஆளுதான்னு அரசு வக்கீல் இழுப்பாரு. உனக்கு டைம் வேற கம்மி.”

“பாஷை கோர்ட்டுது. கையெழுத்து என்னுது. எடுங்க சார்.”

முணுமுணுத்துக்கொண்டே அந்த வரியை அடித்தார்.

ஹைகோர்ட் நீதிபதி பதிவேட்டையும் குற்றப்பத்திரிகையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். பெயர் வரிசைகூட மாறவில்லை. “விசாரிச்சீங்களா, காப்பி அடிச்சீங்களா?” என்று கேட்டார். அரசு வக்கீல் கேஸ் கட்டைப் புரட்டிக்கொண்டே நின்றார். உமைமா மீதான வழக்கு ரத்தானது. கெடு முடிய நான்கு நாள் இருக்கையில் உத்தரவு கைக்கு வந்து, அவள் வேலையில் சேர்ந்தாள்.

மற்ற நாற்பத்தொரு பேருக்கு அடுத்த வாய்தா. ஒரு நாள் சம்பளத்தை விட்டுவிட்டு ஆம்பூர் கோர்ட் வராந்தாவில் கால்கடுக்க நின்றிருந்தார்கள். லீவு போட்டுவிட்டு வந்த உமைமாவைப் பார்த்ததும் தேவகிருபை சிரித்தாள். “நீ அன்னிக்கு வரல, தப்பிச்சிக்கின. நாங்க நெஜமாவே உக்காந்தோமே!”

“உக்காந்ததை எவன்க்கா பாத்தான்? பாலம் கேட்டது குத்தமா?” உமைமாவுக்குக் குரல் உயர்ந்தது. கோர்ட் வாசலில் நின்ற டவாலிச் சேவகர் திரும்பிப் பார்த்தார். அவள் அடங்கவில்லை. கோதண்டபாணியிடம் திரும்பினாள். “லிஸ்டே காப்பின்னு ஜட்ஜே கேட்டுட்டாரு. என் பேரு மட்டும் பொய்யி, மத்ததெல்லாம் நெஜம்னு எப்படி சார் ஆவும்? இவங்களுக்கும் மனு போடுங்க.”

“நாப்பத்தொண்ணு பேருக்குமா?”

“ஒரே மனு. அந்தக் கும்பல் வரி இல்லாம.”

கோதண்டபாணி கண்ணாடியைத் துடைத்தார். பிறகு பையிலிருந்து வக்காலத்துத் தாளை எடுத்தார். தேவகிருபைதான் முதலில் பேனாவை வாங்கினாள்.