சுவரைத் தட்டிப் பார்த்த மேசன்

1. நல்லூரில் ஒரு வீட்டில் நான் செய்த மின்வேலைக்காகப் படுக்கையறைச் சுவரில் சுவிட்ச் பெட்டிக்கு இடம் வெட்ட வேண்டியிருந்தது.
2. அந்தச் சுவருக்குள் தண்ணீர்க் குழாய் எங்கே போகிறது என்று அளந்து என் கொப்பியில் குறித்திருந்தேன்.
3. மேசன் குழாய் போகும் இடத்திலேயே வெட்டினார்.
4. நான் தடுக்கவில்லை.

மேசன் ஐம்பதைத் தாண்டியவர். புருவத்தில் எப்போதும் சீமெந்துத் தூள் இருக்கும். எந்தச் சுவரையும் விரல் முட்டியால் தட்டி, காதை வைத்துக் கேட்ட பிறகுதான் வெட்டுவார். அன்று என்னுடைய, சுவர் வெட்டும் பற்றரி மல்டி டூலின் அலகு அதிர்வதைப் பார்த்து, வீட்டுக்காரருக்கு முன்னால் சிரித்தார்.

“உது என்ன பிள்ளை, பல்லு விளக்கிற மெசினோ? இஞ்சை தா. பொம்பிளையள் சுவர் வெட்டி நான் பாத்ததில்லை.”

கொடுத்தேன். தட்டினார், கேட்டார். “வெறுஞ்சுவர்,” என்றார். அலகு இறங்கியதும் தண்ணீர் பீறிட்டுப் புது மெத்தையை நனைத்தது.

“நாளைக்கு வரவேண்டாம். மேல்மாடி வேலையும் உமக்கில்லை,” என்றார் வீட்டுக்காரர். அந்த மேல்மாடியை நம்பித்தான் மேசன் வேறு வேலை எதையும் ஏற்காமல் இருந்தார்.

சாமான்களை உரப்பையில் போடும்போது, விரிந்து கிடந்த என் கொப்பியில் குழாயின் படத்தைக் கண்டார்.

“உனக்குத் தெரியும், என்ன?”

“ஓம் அண்ணை. நீங்கள் கேக்கேல்லை.”

வீட்டுக்காரர் வாசலில்தான் நின்றார். அவரிடம் மேசன் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் நானும் வெளியே போயிருப்பேன். மேசன் சொல்லாமல் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனார். ஏன் என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை.

மேல்மாடியை இப்போது வேறொரு மேசன் கட்டுகிறார். மின்வேலை முழுவதும் என்னிடம் இருக்கிறது.