எனக்குப் புரியாதென்று

எனக்கு எழுத்தெல்லாம் வராது, பொறுத்துக்கொள்ளுங்கள். ஓசூர் கம்பெனி பஸ்ஸில் என்னோடு பேசிக்கொண்டிருந்த இரண்டு பெண்கள் திடீரென்று தெலுங்குக்கு மாறினார்கள். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கெலமங்கலத்தில் நான் ஏழாவது படித்தபோது அம்மா எங்களை விட்டுப் போய்விட்டாள். அவள் உடம்பு முடியாமல் படுத்திருப்பதாக அக்கம்பக்கத்தில் சொல்லி, அப்பா தினமும் அவள் சேலை ஒன்றைத் துவைத்துக் கொடியில் போடுவார். உண்மையை என் சிநேகிதி சரளாவிடம் மட்டும் சொன்னேன்.

மறுவாரம் மதியச் சாப்பாட்டின்போது, எனக்குப் புரியாதென்று நினைத்து, என் எதிரிலேயே மற்றவர்களிடம் அவள் தெலுங்கில் சொன்னாள்: "இவங்கம்மா ஓடிப்போயிட்டாங்கடி. அப்பன்தான் தினம் சேலயக் காயப்போடறான். நாளைக்கு அவனே கட்டிக்குவான்."

எல்லோரும் சிரித்தார்கள். என்னவென்று தெரியாதவள்போல் நானும் சிரித்தேன்.

பஸ்ஸில் அந்தப் பெண்கள் மாமியாரின் மூட்டுவலியைப் பற்றித்தான் பேசினார்கள். மறுநாள் நான் டிரைவருக்குப் பின்னால் தனியாக உட்கார்ந்தேன்.